விளையாட்டுக்குப் பெயர் மாற்றம்

எனக்கு யாரையும் நம்ப வராது. என் மனைவி இதைக் குறை என்பாள், நான் தொழில் என்பேன். தாராவியில் பதினான்கு வருடமாகப் பழைய மொபைலும் கேம் சிடியும் வாங்கி விற்கிறேன். ஆறடிக்கு எட்டடிக் கடை. அந்தக் கல்லாவுக்கு முன்னால் வந்து நிற்கிறவர்களில் சிலர் கொண்டுவரும் சாமான் அவர்களுடையதாக இருக்காது. யார் அந்தச் சிலர் என்று நெற்றியில் எழுதி ஒட்டியிருக்காது.

கடை போட்ட புதிதில் ஒருவருடைய சிரித்த முகத்தைப் பார்த்து ஒரு போனை வாங்கிவிட்டேன். அது திருட்டுப் போன். மறுநாள் காலையிலிருந்து சாயங்காலம் வரை போலீஸ் ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அடியும் இல்லை, ஏச்சும் இல்லை. யாரும் என்னை நிமிர்ந்தே பார்க்கவில்லை, அதுதான் பயமாக இருந்தது. இனிமேல் பெற்ற தகப்பன் விற்க வந்தாலும் பில் கேட்பது என்று அன்றைக்கு முடிவு செய்தேன். தெரியாத நம்பரிலிருந்து போன் வந்தால் எடுப்பதையும் அன்றோடு நிறுத்தினேன்.

சிடி வியாபாரம் மட்டும் எனக்கு மனசுக்குப் பிடித்த வியாபாரம். ஒருவர் விளையாடி முடித்துக் கொண்டுவருவார், அதை இன்னொருவர் வாங்கிப் போவார், அவரும் முடித்துவிட்டுத் திருப்பிக் கொண்டுவருவார். கால்பந்து சிடி ஒன்று, ஓரத்தில் பிறை மாதிரி ஒரு கீறல், என் கடைக்கு ஏழு தடவை வந்து போயிருக்கிறது. அதை யார் விற்கலாம், யார் வாங்கலாம் என்று எந்தக் கம்பெனியும் கேட்டதில்லை. கையில் இருந்தால் உன்னுடையது, கைமாறினால் அடுத்தவனுடையது.

அப்புறம் சிடி போடும் வாயே இல்லாத கேம் பெட்டிகள் வர ஆரம்பித்தன. கேமை நெட்டிலேயே வாங்கி, அதிலேயே இறக்கி, அதிலேயே விளையாட வேண்டும். அந்தப் பெட்டியை முதலில் பார்த்தபோதே எனக்குச் சந்தேகம் வந்தது. வாய் இல்லாத பெட்டிக்குள் போன சாமான் எந்த வழியாக வெளியே வரும்? கடையில் சிடி அலமாரி மேல்தட்டிலிருந்து காலியாகிக்கொண்டே வந்தது.

இதை மச்சினனிடம் ஒருநாள் சொல்லிப் புலம்பியிருந்தேன். என் மனைவிக்குக் கூடப் பிறந்தது அவன் ஒருத்தன்தான். முலுண்டில் ஃபிளாட், ஐரோலியில் கம்ப்யூட்டர் வேலை. ஒரு ஞாயிற்றுக்கிழமை பெரிய பையோடு வந்து நின்றான். உள்ளே அவன் வைத்திருந்த வாயில்லாப் பெட்டி.

"அத்தான், எனக்கு விளையாட டைமே இல்ல. சும்மா தூசி படிஞ்சு கெடக்கு. பத்து வருஷமா வாங்குன கேம் அறுபதுக்கு மேல இதுல என் அக்கவுண்ட்ல இருக்கு. பெட்டியையும் அக்கவுண்ட்டையும் நீங்களே எடுத்துக்கிடுங்க. கடையில டிவி வச்சு, மணிக்கணக்குக்கு விளையாட விடலாம்லா."

அவன் சொன்ன விலை குறைவு. எனக்கு அங்கேயே பொறி தட்டியது. விலை குறைந்த சாமானுக்கு விவகாரம் அதிகம் என்பது என் தொழில் சொல்லிக்கொடுத்த பாடம். அக்காவின் வீட்டுக்காரருக்கு உதவட்டும் என்று குறைத்திருப்பான் என்று ஒரு நிமிஷம்கூட எனக்குத் தோன்றவில்லை.

"இதை விக்கலாமா மாப்ள?" என்று கேட்டேன்.

அவன் தலையைச் சொறிந்தான். "ரூல்படி பாத்தா விக்கக்கூடாது. நாம கேமை வாங்கல அத்தான், விளையாட பர்மிஷன்தான் வாங்கியிருக்கோம். அதை அடுத்தவங்களுக்குக் குடுக்க முடியாது. ஆனா எல்லாரும் குடுத்துக்கிட்டுதான் இருக்காவ. பாஸ்வேர்டை மாத்திக்கிடுங்க, உங்க நம்பரைப் போட்டுக்கிடுங்க, அம்புட்டுதான். யார்ட்டயும் சொல்லாதிய. கஸ்டமர் கேருக்குப் போன் கீன் போட்டுராதிய. சலேகா, அது பாட்டுக்கு ஓடிரும்."

பெட்டியை டிவியில் மாட்டி எனக்குக் காட்டினான். ஒவ்வொரு கேமுக்கும் கீழே 'வாங்கப்பட்டது' என்று ஆங்கிலத்தில் இருந்தது. வாங்காத கேமைக் காட்டினான், அதன் பொத்தானில் 'வாங்கு' என்று இருந்தது. பொத்தான் வாங்கு என்கிறது, ரூல் நீ வாங்கவில்லை என்கிறது. இதில் யார் பொய் சொல்கிறார்கள் என்று எனக்குப் புரியவில்லை. இரண்டு பேர்மேலும் சந்தேகப்பட்டேன். அதற்கு மேல், யாரிடமும் சொல்லாதே என்றானே, அவன்மேலும் சந்தேகப்பட்டேன். என் கடையில் அந்த வார்த்தையைச் சொல்லி விற்க வந்த எவனிடமும் நான் சாமான் வாங்கியதில்லை.

ஆனாலும் வாங்கினேன். எங்கள் முறைப்படி வாங்கினேன்.

எங்கள் முறையைச் சொல்ல வேண்டும். தாராவியில் ரூம் என்றால் ஒற்றை அறை வீடு, அது இருக்கும் நிலம் எங்களுடையது இல்லை. ஆனாலும் ரூம் கைமாறிக்கொண்டேதான் இருக்கும். ஸ்டாம்ப் பேப்பரில் எழுதி, விற்பவர் வாங்குபவர் இருவருடைய போட்டோவையும் ஒட்டி, கைநாட்டு வைத்து, இரண்டு சாட்சி போட்டு, நோட்டரி சீல் அடித்தால் ரூம் கைமாறிவிட்டது. மறுநாளே லைட் பில்லில், அதாவது கரண்ட் பில்லில், பெயர் மாற்ற மனுக் கொடுத்துவிட வேண்டும். பில்லில் பெயர் மாறிவிட்டால் பழைய ஆள் திரும்பி வந்து சொந்தம் கொண்டாட முடியாது. நான் குடியிருக்கும் ரூமையும் அப்படித்தான் வாங்கினேன்.

நோட்டரி ஆபீஸ் வாசலில் டைப் அடித்துக் கொடுக்கும் பாய் ஒருவர் இருக்கிறார், சொந்த ஊர் காயல்பட்டினத்துப் பக்கம். அவரிடம் மச்சினனைக் கூட்டிக்கொண்டு போனேன். என் மனைவிக்கு முகமே சரியில்லை. "கூடப் பொறந்தவன்ட்ட ஸ்டாம்ப் பேப்பரா? ஊர் சிரிக்கப் போவுது" என்றாள். மச்சினன் சிரித்துக்கொண்டேதான் வந்தான். பாய் ரூமுக்கு அடிக்கும் வாசகத்தையே எடுத்து, ரூம் என்ற இடத்தில் கேம் அக்கவுண்ட் என்று அடித்தார். இனி தனக்கோ தன் வாரிசுகளுக்கோ மேற்படி சொத்தில் எந்தப் பாத்தியதையும் இல்லை என்று மச்சினன் கைநாட்டு வைத்தான். மையைத் துடைக்கப் பாய் கொடுத்த பழந்துணியில் விரலைத் துடைத்துக்கொண்டே, "வாரிசே இப்பதான் அத்தான் ஆறு மாசம்" என்றான். அவன் பெண்டாட்டி அப்போது முழுகாமல் இருந்தாள்.

கடையின் பின்பக்கத்தில் டிவி மாட்டினேன். மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் டெலிவரிக்காரர்கள் ஹெல்மெட்டை மடியில் வைத்துக்கொண்டு கார் ஓட்டினார்கள். நாள் முழுக்க பைக் ஓட்டிவிட்டு வந்து இங்கேயும் வண்டி ஓட்டுகிறார்களே என்று வேடிக்கையாக இருக்கும். தோல் பட்டறை ஆட்கள் கால்பந்து கேட்டு வந்தார்கள். கடைக்கு உயிர் வந்துவிட்டது, எனக்குத்தான் தூக்கம் வரவில்லை.

ஏனென்றால் தொழிலில் இருக்கும் ஒருவர் சொன்னார், அக்கவுண்ட்டை முதலில் திறந்தவன் எப்போது வேண்டுமானாலும் திரும்ப எடுத்துக்கொள்ளலாமாம். முதல் கேம் வாங்கிய கார்டு நம்பரைச் சொன்னால் கம்பெனி அவனுக்கே சாவியைக் கொடுத்துவிடுமாம். அந்தக் கார்டு மச்சினன் பர்ஸில் இருக்கிறது. அவன் எடுப்பான் என்று நினைக்க எந்தக் காரணமும் இல்லை. எடுக்க முடியும் என்பதே எனக்குப் போதுமான காரணமாக இருந்தது. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்.

மறுபடி பாயிடம் போனேன். மச்சினனுக்கும் சொல்லவில்லை, மனைவிக்கும் சொல்லவில்லை. "லைட் பில்லுக்கு எழுதுற மாதிரி இதுக்கும் ஒரு பேர் மாத்தச் சொல்லி லெட்டர் போடணும் பாய்" என்றேன். அவர் கம்பெனிக்கு ஆங்கிலத்தில் அழகாக ஒரு கடிதம் அடித்தார். ஸ்டாம்ப் பேப்பரை ஸ்கேன் பண்ணி, என் ஆதார் காப்பியையும் சேர்த்து, தன் மெயிலிலிருந்தே அனுப்பி வைத்தார். அன்றைக்குத்தான் நிம்மதியாகத் தூங்கினேன்.

மூன்று வாரம் கழித்து ஒரு சனிக்கிழமை மத்தியானம். நான்கு பேர் உட்கார்ந்திருந்தார்கள், இரண்டு பேர் நின்றார்கள். பெட்டியைப் போட்டால் திரையில் ஆங்கிலத்தில் இரண்டு வரி. டெலிவரிக்காரர் ஒருவர் படித்துச் சொன்னார்: "அக்கவுண்ட் பந்த் ஹோ கயா, பாய்சாப்." அக்கவுண்ட்டை மூடிவிட்டார்களாம். பாஸ்வேர்டை மறுபடி போட்டேன், அதே இரண்டு வரிதான் வந்தது. அறுபது கேமில் ஒன்றுகூட இல்லை.

மச்சினனுக்குப் போன் போட்டேன். மணி அடித்தது, கட் பண்ணினான். மறுபடி போட்டேன், மறுபடி கட். அன்றைக்கு அவனுக்கு ஆபீஸ் உண்டு, மீட்டிங்கில் இருந்தான் என்று பிறகு தெரிந்தது. அப்போது எனக்குத் தெரிந்தது ஒன்றுதான்: எடுத்தவன் போனை எடுக்கமாட்டான். வந்தவர்கள் ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். காது சுடச்சுட, குடும்ப வாட்ஸப் குரூப்பைத் திறந்து வாய்ஸ் மெசேஜ் போட்டேன். எங்கள் குரூப்பில் பாதிப் பேருக்குத் தமிழ் படிக்க வராது, அதனால் எல்லாம் வாய்ஸ்தான். திருநெல்வேலியில் இருக்கும் மாமனார், சித்தப்பாமார், மச்சினன் பெண் எடுத்த செம்பூர் வீடு எல்லாரும் அதில் உண்டு.

"வித்த சாமானைத் திருப்பி எடுக்கது எந்த ஊரு நியாயம் மாப்ள? கைநாட்டு வச்ச மை காயல, அதுக்குள்ள கைவரிசையைக் காட்டிட்டியே. அக்கா வீட்டுலயே கைவைக்கவன் வெளிய என்னெல்லாம் செய்வ?" இதுதான் நான் பேசியது. இப்போது எழுதும்போதுகூடக் கூசுகிறது.

பதில் வரவில்லை. சாயங்காலம் வீட்டுக்குப் போனபோது என் மனைவி போனைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்புக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள். அடுப்பில் எதுவும் இல்லை.

"தம்பி குரூப்பை விட்டுப் போயிட்டான்" என்றாள்.

"திருடுனவன் போகத்தான் செய்வான்."

"நீங்க பாத்தியளா அவன் எடுத்ததை?"

நான் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை எங்கள் சின்னவளுக்குச் செம்பூர் முருகன் கோயிலில் மொட்டையும் காதுகுத்தும். எங்களில் தாய்மாமன் மடியில் வைத்துத்தான் காது குத்துவார்கள். கம்மலும் அவன்தான் கொண்டுவர வேண்டும். அவளுக்கு இருக்கும் தாய்மாமன் ஒருவன்தான்.

"அவன் மடி இல்லாம பிள்ளைக்குக் காது குத்த மாட்டேன்" என்றாள். "இந்தத் தரம் இல்ல, எந்தத் தரமும். கேட்டுக்கிடுங்க." அழவில்லை. அழுதிருந்தால் சமாதானம் சொல்லியிருப்பேன். அவள் சொன்னால் சொன்னதுதான்.

நான் இறங்கி வரவில்லை. தப்பு அவன்மேல், நான் ஏன் இறங்க வேண்டும்? செவ்வாய்க்கிழமை பாயிடம் போனேன், மச்சினனுக்கு வக்கீல் நோட்டீஸ் மாதிரி ஒன்று அடிக்கச் சொல்லி. ஸ்டாம்ப் பேப்பரை எடுத்து மேஜையில் வைத்தேன். பாய் அதைத் தொடவில்லை. கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"அண்ணாச்சி, உங்களுக்கு நாலு தடவை போன் அடிச்சேன். நம்பர் மாத்திட்டேன்லா, புது நம்பர்லருந்து. நீங்க எடுக்கவே இல்லையே. உங்க லெட்டருக்குக் கம்பெனிலருந்து பதில் வந்துட்டு."

கம்ப்யூட்டரில் அதைத் திறந்து, வரி வரியாகத் தமிழில் சொன்னார். தகவல் தந்ததற்கு மிக்க நன்றி. அக்கவுண்ட் திறந்தவருக்கு மட்டுமே உரியது. அதை விற்கவோ, இனாமாகக் கொடுக்கவோ, வேறு பெயருக்கு மாற்றவோ எங்கள் ஒப்பந்தத்தில் இடமில்லை. நீங்கள் இணைத்து அனுப்பிய பத்திரத்தின்படி இது விற்கப்பட்டிருப்பது உறுதியாகிறது. ஆகவே இந்த அக்கவுண்ட் சனிக்கிழமை முதல் நிரந்தரமாக மூடப்படும்.

"இன்னொரு தரம் சொல்லுங்க" என்றேன். சொன்னார். அப்போதும் பாய் சரியாகத்தான் படிக்கிறாரா என்று எனக்கு ஒரு சந்தேகம். பிரிண்ட் எடுத்துக்கொண்டு பக்கத்து ஜெராக்ஸ் கடையில் இருக்கும் பெண்ணிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னேன். அவள் இந்தியில் அதையேதான் சொன்னாள்.

மச்சினன் எடுக்கவில்லை. கம்பெனியும் தானாக வந்து கண்டுபிடிக்கவில்லை. நான்தான் போட்டோ ஒட்டி, கைநாட்டு வைத்து, சீல் அடித்து, சாட்சியோடு அனுப்பி வைத்திருக்கிறேன். டைப் அடித்த கூலியும் கொடுத்து வந்திருக்கிறேன். சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதற்கு ஸ்டாம்ப் பேப்பர் வேறு. வெட்கத்தில் எனக்கு அந்த ரோட்டில் நிற்கவே முடியவில்லை.

சயானில் ரயில் ஏறி முலுண்டுக்குப் போனேன். ஸ்லோ டிரெயினில் உட்கார இடம் கிடைத்தும் உட்காரவில்லை. கையில் அந்தப் பிரிண்ட். என் வீட்டு இரும்புப் பெட்டியில் இருக்கும் ரூம் பத்திரத்திலும் இதே வாசகம்தான், இதே பாய் அடித்ததுதான். நாளைக்கு யாராவது வந்து, இது உன்னுடையதுதானா, காட்டு என்றால் அதைக் காட்டலாமா, ஒளிக்கலாமா? அந்த நினைப்பு குர்லா வரைக்கும் என்னை விடவில்லை. அப்புறம் மனைவி அடுப்புக்கு முன்னால் நின்ற கோலம் ஞாபகம் வந்தது.

அன்றைக்கு அவனுக்கு வீட்டிலிருந்தே வேலை, மச்சினன்தான் கதவைத் திறந்தான். வாங்க என்று சொல்லி நாற்காலியை இழுத்துப் போட்டான். அவன் பெண்டாட்டி தண்ணீர் வைத்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனாள். நான் பிரிண்டை நீட்டினேன். அவன் இரண்டு தடவை படித்தான்.

"சொல்லாதியன்னு சொன்னேன்லா அத்தான்."

"அதைச் சொன்னதுனாலதான் மாப்ள எனக்குப் பயம் வந்துட்டு. தப்பு எம்மேலதான். ஒம்மேல ஒன்னும் இல்ல."

அவன் பிரிண்டை மடித்து என்னிடமே கொடுத்தான். "பத்து வருஷத்துக் கேம் போனது பரவால்ல. அப்பா அந்த வாய்ஸைக் கேட்டுட்டு எனக்குப் போன் போட்டாவ. எடுத்தியாலேன்னு கேட்டாவ. எங்கப்பா கேட்டாவ அத்தான், எங்கிட்ட." அவன் குரல் ஏறவே இல்லை. எனக்கு அவன் நாலு வார்த்தை ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"ஞாயித்துக்கிழமை வரணும் மாப்ள."

"எந்த இடத்துல சொன்னியளோ அந்த இடத்துலயே மாத்திச் சொல்லுங்க. அப்புறம் பாப்போம்."

படிக்கட்டில் நின்று வாய்ஸ் மெசேஜ் பேசினேன். முதல் தடவை கம்பெனியின் பேரில் பழியைப் போட்டுப் பேசியிருந்தேன், அழித்தேன். இரண்டாவதில் பாய் பேரில் போயிற்று. மூன்றாவதில்தான், கடிதம் போட்டது நான், சந்தேகப்பட்டது நான், அவன் ஒரு தப்பும் செய்யவில்லை என்று வந்தது. அனுப்பிவிட்டு, மேலே ஏறிப் போய்ச் சொல்லத் தைரியமில்லாமல் அப்படியே ஸ்டேஷனுக்கு நடந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பத்து மணிவரை அவன் வரவில்லை. மொட்டை அடித்துச் சந்தனம் பூசி, பிள்ளை என் மனைவி தோளில் தூங்கிக்கொண்டிருந்தாள். காது குத்துபவர் இரண்டு தடவை கடிகாரத்தைப் பார்த்தார். என் மனைவி கோயில் வாசலைத் தவிர வேறெங்கும் பார்க்கவில்லை. வரமாட்டான் என்றே நான் நினைத்தேன். நானாக இருந்தால் வந்திருக்கமாட்டேன்.

வந்தான். பெண்டாட்டியையும் என் மாமனாரையும் கூட்டிக்கொண்டு, பழம் பூத்தட்டோடு வந்தான். மாமனார் இதற்காகவே ஊரிலிருந்து ரயில் ஏறி வந்திருக்கிறார். என்னைப் பார்த்துத் தலையை மட்டும் அசைத்தார். மச்சினன் விரித்திருந்த கோரைப்பாயில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, பிள்ளையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டான். என் மனைவி அவன் பின்னாலேயே உட்கார்ந்து பிள்ளையின் தலையைப் பிடித்துக்கொண்டாள். தம்பியின் தோளில் அவள் தாடை படிந்திருந்தது. ஒரு வாரமாக வராத அழுகை அப்போது வந்தது அவளுக்கு.

"கம்மல் எங்க?" என்று காது குத்துபவர் கேட்டார். மச்சினன் சட்டைப்பையிலிருந்து சின்னச் சிவப்புப் பெட்டியை எடுத்து என்னிடம் நீட்டினான். திறந்தேன். சிவப்புக் கல் வைத்த ஒரு ஜோடி. ஒன்றை எடுத்தேன். அவரிடம் கொடுக்கத்தான் எடுத்தேன், கடவுள் அறிய அதற்குத்தான் எடுத்தேன். ஆனால் விரல் தானாக அதைப் புரட்டியது. கல்லாவில் எதை வைத்தாலும் புரட்டிப் பார்க்கும் விரல். கம்மலின் பின்பக்கத்தை ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பி, ஹால்மார்க் முத்திரை இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

நிமிர்ந்தபோது மச்சினன் என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தான். பிள்ளை விழித்துக்கொண்டு அவன் சட்டைப் பொத்தானைப் பிடித்து இழுத்தாள்.

"பெட்டிக்கு அடியில பில் இருக்கு அத்தான்" என்றான், பக்கத்தில் இருப்பவர்களுக்கு மட்டும் கேட்கும்படி. "பாப்பா பேர்லயே போட்டாச்சு. நீங்க மாத்த வேண்டாம்."

பக்கத்தில் என் மனைவி இருந்தாள்.